டிவி கிரிக்கெட் வர்ணனை: மைக் பிடித்தவர் உண்மையில் என்ன வேலை செய்கிறார்?

ஐபிஎல் சீசன் வந்தால் வர்ணனையாளர்களைத் திட்டும் சீசனும் கூடவே வந்துவிடும். "விளையாடி முடிச்சவங்களுக்கு ஒரு பென்ஷன் வேலை", "நாமதான் கண்ணால பார்க்கிறோமே, நடுவுல இவர் எதுக்கு?", "நம்ம ஊர்க்காரரா இருந்துக்கிட்டு எதிரணியைப் புகழறார்", "கிரிக்கெட் வாரியம் சொல்றதைத்தான் பேசறார்." இதில் எல்லாமே தவறில்லை. ஆனால் எது எவ்வளவு உண்மை என்று பிரித்துச் சொல்ல வேண்டுமானால், மைதானத்தில் வர்ணனையாளர்கள் உட்காரும் அந்தப் பெட்டிக்குள் என்ன நடக்கிறது என்று கொஞ்சம் தெரிய வேண்டும். அதற்குப் பெரிய தொழில்நுட்ப அறிவெல்லாம் வேண்டாம். மேட்ச் பார்க்கும் பழக்கம் இருந்தால் போதும்.

ரேடியோவை முதலில் ஒதுக்கி வைப்போம்

வீட்டில் ஒரு கல்யாணம். துபாயில் இருக்கும் அண்ணனுக்கு லீவு கிடைக்கவில்லை. மண்டபத்திலிருந்து போனில் சொல்கிறீர்கள்: "மாப்பிள்ளை மணவறைக்கு வந்தாச்சு. பொண்ணுக்கு அரக்குப் பட்டு. நாதஸ்வரம் ஆரம்பிச்சாச்சு." எல்லாவற்றையும் சொல்லியாக வேண்டும். நீங்கள் சொல்லாமல் விட்டது அண்ணனைப் பொறுத்தவரை நடக்கவே இல்லை.

அப்புறம் ஒருநாள் கல்யாண வீடியோ வந்து சேர்கிறது. வீடே உட்கார்ந்து பார்க்கிறது, பக்கத்தில் அத்தை. "இதோ பொண்ணு நடந்து வர்றா" என்று அத்தை சொன்னால் எரிச்சல்தான் வரும், அதுதான் தெரிகிறதே. விவரமான அத்தை அப்படிச் சொல்ல மாட்டார். "அந்த நீலச் சட்டைக்காரருக்கும் மாப்பிள்ளையோட சித்தப்பாவுக்கும் பத்து வருஷமா பேச்சே கிடையாது. இப்போ பாரு, பந்தியில ரெண்டு பேரையும் பக்கத்துல பக்கத்துல உட்கார வெச்சுட்டாங்க" என்பார். உடனே எல்லார் கண்ணும் நீலச் சட்டை மேல் போகும். தாலி கட்டும் நேரத்தில் அத்தையும் வாயை மூடிக்கொள்வார்.

போனில் சொன்னது ரேடியோ வர்ணனை, அத்தை செய்தது டிவி வர்ணனை. முதலாவதில் கேட்பவருக்குக் கண்ணே நீங்கள்தான். இரண்டாவதில் பார்ப்பவருக்குக் கண் இருக்கிறது. அதற்குத் தெரியாத பின்னணியைத் தருவதும், எங்கே பார்க்க வேண்டும் என்று திருப்பிவிடுவதும்தான் வேலை.

நம் ஊரில் இந்தக் குழப்பம் வருவதற்குக் காரணம், பல வீடுகளில் கிரிக்கெட் முதலில் காது வழியாக வந்ததுதான். சேப்பாக்கத்தில் டெஸ்ட் நடந்தால் வானொலியில் தமிழ் வர்ணனை கேட்கும் தலைமுறை ஒன்று இருந்தது. சாத்தான்குளம் அப்துல் ஜப்பாரின் குரலை இன்றும் நினைவு வைத்திருப்பவர்கள் இருக்கிறார்கள். பந்து எந்தத் திசையில் போகிறது, யார் துரத்துகிறார், எத்தனை ஓட்டம் என்று இடைவெளி இல்லாமல் சொல்லிக்கொண்டே போகும் அந்த அழகை டிவியில் எதிர்பார்த்தால் ஏமாற்றம்தான் மிஞ்சும். அதே அழகு டிவியில் இரைச்சலாகிவிடும்.

இதுவரை: ரேடியோவில் சொல்வதுதான் ஆட்டம். டிவியில் ஆட்டம் ஏற்கெனவே திரையில் இருக்கிறது, வர்ணனை அதன் மேல் சேர்க்கிற ஒன்று.

படம் ஒருவர் கையில், குரல் இன்னொருவர் கையில்

மேலே சொன்ன வீடியோவில் அடுத்து எந்தக் காட்சி வரும் என்பது அத்தை கையில் இல்லை. டிவி வர்ணனையாளரின் நிலைமையும் அதுதான். மைதானத்துக்கு வெளியே நிற்கும் ஒளிபரப்பு வண்டியில் ஒரு டைரக்டர் உட்கார்ந்திருப்பார். அவர் முன்னால் எல்லாக் கேமராக்களின் படமும் சின்னச் சின்னத் திரைகளில் ஓடிக்கொண்டிருக்கும். அதில் எது உங்கள் வீட்டுக்குப் போக வேண்டும் என்று நொடிக்கு நொடி முடிவு செய்பவர் அவர்தான். வர்ணனையாளருக்கு முன்னாலும் ஒரு மானிட்டர் இருக்கும், வீட்டுக்குப் போகும் அதே படம் அதில் ஓடும்.

அனுபவமுள்ள வர்ணனையாளர் மைதானத்தையும் மானிட்டரையும் மாறி மாறிப் பார்ப்பார். ஆனால் பேசுவது மானிட்டருக்குத்தான். ஜன்னல் வழியே தேர்ட் மேனில் ஒரு வேடிக்கை நடக்கிறது என்று அதைப் பற்றிப் பேச ஆரம்பித்தால், திரையில் பந்துவீச்சாளரைப் பார்த்துக்கொண்டிருக்கும் ரசிகருக்கு ஒன்றும் புரியாது. "இவர் என்ன, வேற மேட்ச் பார்க்கிறாரா?" என்று தோன்றும்.

அப்படியென்றால் படம் எப்போதும் முன்னால் போக, குரல் பின்னாலேயே ஓடுமா? அதற்குத்தான் டாக்பேக். வர்ணனையாளர் காதில் மாட்டியிருக்கும் ஹெட்போனில் வண்டியிலிருக்கும் டைரக்டரும் தயாரிப்பாளரும் பேசும் இணைப்புக்கு அந்தப் பெயர். "அடுத்து ஸ்லோ மோஷன் வருது", "பத்து செகண்டில் விளம்பரம்" என்று குரல்கள் காதுக்குள் வந்துகொண்டே இருக்கும். அவர் அதே நேரத்தில் உங்களிடம் கோர்வையாகப் பேசிக்கொண்டும் இருக்க வேண்டும். எதிர்த்திசையிலும் வழி உண்டு. ஒரு பொத்தானை அழுத்தினால் அவர் பேசுவது வீட்டுக்குப் போகாது, வண்டிக்கு மட்டும் போகும். "அந்த ஷார்ட் லெக் கொஞ்சம் முன்னாடி வந்த மாதிரி இருந்தது, அதைக் காட்ட முடியுமா?" என்று கேட்கலாம். டைரக்டருக்குச் சரியென்று பட்டால் படம் வரும். நாம் வீட்டில் "அட, சொன்ன மாதிரியே காட்டறாங்களே" என்று வியப்போம்.

முதன்முறை வர்ணனைக்கு வருபவர்கள் தடுமாறுவது பெரும்பாலும் இங்கேதான். கிரிக்கெட் அறிவு அப்படியேதான் இருக்கிறது. ஒரு காதில் ஆள் பேசும்போது வாய் நிற்காமல் பேசுவது மட்டும்தான் வரவில்லை. வீட்டில் செய்து பாருங்கள்: ஹெட்போனில் செய்தி ஓடவிட்டு, நேற்று என்ன சமைத்தீர்கள் என்று பக்கத்திலிருப்பவரிடம் ஒரு நிமிடம் தடங்கலில்லாமல் சொல்லுங்கள்.

இங்கே கொஞ்சம் வரலாறு. டிவியில் கிரிக்கெட் 1938-லேயே வந்துவிட்டது. லார்ட்ஸில் இங்கிலாந்தும் ஆஸ்திரேலியாவும் ஆடிய ஆஷஸ் டெஸ்டை பிபிசி காட்டியது. ஆனால் நாம் இன்று பார்க்கும் வடிவம் 1977-ல் ஆஸ்திரேலியாவின் சேனல் நைன் உரிமையாளர் கெர்ரி பேக்கர் நடத்திய 'வேர்ல்ட் சீரிஸ் கிரிக்கெட்' தொடரிலிருந்து வருகிறது. அதற்கு முன் அங்கே முக்கியக் கேமரா ஒரு முனையில்தான் இருக்கும். ஒரு ஓவரில் பேட்ஸ்மேனின் முகத்தைப் பார்ப்பீர்கள், அடுத்த ஓவரில் அவர் முதுகு. பேக்கர் இரண்டு முனையிலும் கேமரா வைத்தார். எப்போதும் பந்துவீச்சாளருக்குப் பின்னாலிருந்தே பார்க்கும் வசதி ரசிகருக்குக் கிடைத்தது. வர்ணனையாளரைப் பொறுத்தவரை இது பெரிய மாற்றம். பந்து ஆஃப் ஸ்டம்புக்கு வெளியே விழுந்ததா இல்லையா என்பதை ரசிகரே பார்த்துவிட முடிந்தபின், "ஏன் அங்கே போட்டார்" என்பதைச் சொல்ல வேண்டிய கட்டாயம் வந்துவிட்டது.

ஒரு பந்து, அதைச் சுற்றி அரை நிமிடம்

டெஸ்ட் போட்டியில் ஒரு நாளைக்கு 90 ஓவர், அதாவது 540 பந்துகள் வீச வேண்டும். ஆட்டம் ஆறு மணி நேரம். அந்த ஆறு மணி நேரத்தில் பந்து உண்மையாகவே ஆட்டத்தில் இருக்கும் நேரத்தைக் கூட்டினால் ரொம்பக் கொஞ்சம்தான் தேறும். மிச்சமெல்லாம் இடைவெளி. வர்ணனையாளரின் திறமை தெரிவது அந்த இடைவெளியில்.

ஒரு பந்தை எடுத்துக்கொள்வோம். சேப்பாக்கம், நான்காம் நாள், இடதுகை சுழல் பந்துவீச்சாளர். அவர் பந்தை வாங்கித் திரும்பும்போது வர்ணனையாளர் ஒரு வரி சொல்லியிருப்பார்: "சிலி பாயிண்ட் வந்துட்டார், பேட்ஸ்மேன் முன்னங்காலை நீட்டத் தயங்குவார்." பந்துவீச்சாளர் ஓட ஆரம்பித்ததும் பெட்டியில் அமைதி. பந்து விழுந்து திரும்பி மட்டையின் ஓரத்தில் பட்டு ஸ்லிப் கைக்குப் போகிறது. "எட்ஜ்! பிடிச்சிட்டார்!" அவ்வளவுதான். அப்புறம் நான்கைந்து நொடி யாரும் பேசக் கூடாது. கூட்டத்தின் சத்தம் பேசட்டும். பேட்ஸ்மேன் தலை குனிந்து நடக்கும் படம் பேசட்டும். அதன் பின் ரீப்ளே வரும். காதில் டைரக்டர் "ஸ்லிப் பக்கத்து ஆங்கிள்" என்று சொல்லியிருப்பார். இப்போது பக்கத்திலிருக்கும் முன்னாள் வீரரின் முறை: "முந்தின மூணு பந்தும் நேராப் போச்சு. கை ஒரே மாதிரிதான் வருது, ஆனா விரல் இந்த தடவை பந்துக்கு மேல போகுது, பாருங்க." அவர் முடிக்கும் முன்பே காதில் எண்ணத் தொடங்கிவிடுவார்கள்: ஐந்து, நான்கு, மூன்று... அந்த எண்ணிக்கைக்குள் வாக்கியத்தை முடித்து ஸ்கோரையும் சொல்லிவிட வேண்டும். இல்லையென்றால் உங்கள் வீட்டில் பாதி வார்த்தையில் சிமெண்ட் விளம்பரம் ஆரம்பித்துவிடும்.

நம் நாட்டு ஒளிபரப்பில் ஓவரின் கடைசிப் பந்தில் விக்கெட் விழுந்தால் ரசிகர் கடுப்பாவது இதனால்தான். வர்ணனையாளர் சொல்ல வந்தது தொண்டையிலேயே நின்றுபோகிறது. பழி என்னவோ பேசியவர் மேல் விழுகிறது. முடிவெடுத்தவர் ஓவர் இடைவெளிகளை விளம்பரதாரருக்கு விற்றவர்.

ரெண்டு பேர், ரெண்டு வேலை

பெட்டியில் பொதுவாக இரண்டு அல்லது மூன்று பேர் இருப்பார்கள். ஏறக்குறைய அரைமணி நேரத்துக்கு ஒருமுறை ஆள் மாறும். அதில் ஒருவர் லீட் வர்ணனையாளர், பந்து வீசப்படும்போது பேசும் உரிமை அவருக்கு. மற்றவர் நிபுணர், ரீப்ளே வந்ததும் ஏன், எப்படி என்று விளக்குபவர். லீட் என்ன நடந்தது என்பார், நிபுணர் ஏன் நடந்தது என்பார். இந்த ஒரு கோட்டைத் தெரிந்துகொண்டு அடுத்த மேட்சைக் கேட்டால், இருவரும் ஒருவர் மேல் ஒருவர் ஏறிப் பேசும் கூட்டணி எது, முறையாக விட்டுக்கொடுக்கும் கூட்டணி எது என்று பத்து நிமிடத்தில் காதுக்குத் தெரிந்துவிடும்.

நிபுணராக இருக்க உயர்மட்டத்தில் விளையாடியிருக்க வேண்டும். லீட் ஆக அது கட்டாயமில்லை. குரல், நேரக் கணக்கு, சொல் வளம் மூன்றும் போதும். ஹர்ஷா போக்ளே இந்தியாவுக்கு ஆடியவர் இல்லை. மார்க் நிக்கோலஸ் ஹாம்ப்ஷையர் கவுண்டி அணியின் கேப்டனாக இருந்தவர், இங்கிலாந்துக்கு ஆடவில்லை. இருவருமே லீட் வேலையில் பெயர் வாங்கியவர்கள்.

ஆடியவர்களே லீட் வேலைக்கு மாறியதும் உண்டு. அந்த மாற்றம் எளிதில்லை, ஏனென்றால் விளக்கும் ஆசையை அடக்கிக்கொள்ள வேண்டும். 2011 ஏப்ரல் 2, வான்கடே, உலகக் கோப்பை இறுதி. குலசேகரா பந்தில் தோனி அடித்த சிக்ஸருக்கு ரவி சாஸ்திரி சொன்னதை இன்றைக்கும் சின்னப் பிள்ளைகள் கூட ஒப்பிக்கிறார்கள்: "தோனி ஃபினிஷஸ் ஆஃப் இன் ஸ்டைல்." சிக்ஸர் பெரிதாகப் பறந்ததையும் 28 ஆண்டுக் காத்திருப்பு முடிந்ததையும் அதன் பிறகு இரண்டே வரியில் சேர்த்தார். மட்டை எப்படிச் சுழன்றது என்றெல்லாம் அப்போது ஆராயவில்லை. 2016 ஏப்ரலில் கொல்கத்தாவில் டி20 உலகக் கோப்பை இறுதி. கடைசி ஓவரில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு 19 ரன் வேண்டும். பென் ஸ்டோக்ஸை கார்லோஸ் பிராத்வெயிட் தொடர்ந்து நான்கு சிக்ஸர் விளாசினார். மைக்கில் இருந்த இயன் பிஷப் அந்த இளைஞரின் பெயரை இரண்டு முறை சொல்லி, "ரிமெம்பர் தி நேம்" என்று முடித்தார். உலகத்தில் பாதிப் பேருக்கு அதுவரை தெரியாத பெயர் அது. அந்த நொடியில் அதைத் தவிர வேறெதுவும் தேவைப்படவில்லை.

சுருக்கமாக: லீட் என்பவர் நொடியைப் பிடிப்பவர், நிபுணர் அதைப் பிரித்துக் காட்டுபவர். ஒரே ஆள் இரண்டையும் செய்யலாம், ஒரே நொடியில் முடியாது.

ரிச்சி பெனோவிடம் கற்க வேண்டியது

இந்தத் தொழிலில் ஒருவரின் வாழ்க்கையை முழுதாகப் பார்க்க வேண்டுமானால் ரிச்சி பெனோவைத்தான் எடுக்க வேண்டும். ஆஸ்திரேலியக் கேப்டன், லெக் ஸ்பின்னர், 63 டெஸ்டில் 248 விக்கெட். டெஸ்டில் 200 விக்கெட்டும் 2000 ரன்னும் சேர்த்து எடுத்த முதல் ஆள். ஆனால் அவர் வர்ணனைக்கு வந்தது "ரிட்டயர் ஆகிட்டோம், என்ன பண்ணலாம்" என்று யோசித்து அல்ல. ஆடிக்கொண்டிருந்த காலத்திலேயே சிட்னி பத்திரிகையில் போலீஸ் செய்திகள் எழுதும் நிருபராக வேலை பார்த்தவர். 1956 இங்கிலாந்துச் சுற்றுப்பயணம் முடிந்ததும் லண்டனில் தங்கி பிபிசியின் தொலைக்காட்சிப் பயிற்சியில் சேர்ந்தார். அப்போது அவருக்கு வயது 25. கேப்டனாகவே ஆகவில்லை.

"பென்ஷன் வேலை" என்று சொல்பவர்களுக்கு நான் காட்டுவது இந்தத் தேதியைத்தான். 1960-ல் பிபிசி வானொலியில் பேசினார், 1963-ல் டிவிக்கு வந்தார், 1977-லிருந்து சேனல் நைனின் முகமாக இருந்தார். இங்கிலாந்துக் கோடையிலும் ஆஸ்திரேலியக் கோடையிலும் மாறி மாறிப் பேசி, ஏறத்தாழ அரை நூற்றாண்டை மைக் முன்னால் கழித்தார்.

அவர் கடைப்பிடித்த விதி ஒன்றுதான்: திரையில் இருப்பதோடு சேர்க்க ஏதாவது இருந்தால் பேசு, இல்லையென்றால் பேசாதே. கேட்க எளிது. ஆனால் அமைதியாக இருக்கும் ஒவ்வொரு நொடியும், பேசத் தெரியாதவர் என்று நினைத்துவிடுவார்களோ என்ற பயம் புது வர்ணனையாளரைத் தின்னும். பெனோவுக்கு அந்தப் பயம் இல்லை. 1981 ஹெடிங்லி டெஸ்டில் ஃபாலோ ஆன் ஆன இங்கிலாந்துக்காக இயன் போத்தம் ஆட்டமிழக்காமல் 149 எடுத்த இன்னிங்ஸில் ஒரு சிக்ஸர் வந்தது. அதைத் தேடவும் வேண்டாம், துரத்தவும் வேண்டாம், மிட்டாய்க் கடைக்குள்ளே போய்த் திரும்பி வெளியே வந்துவிட்டது என்கிற மாதிரி ஒரு வரி சொன்னார். குரல் உயரவே இல்லை. கத்தியிருந்தால் நமக்கு இன்று அது நினைவிருக்காது என்றே நினைக்கிறேன்.

எனக்குப் பிடித்தது அவருடைய இங்கிலாந்து விடைபெறல். 2005 ஆஷஸ், ஓவல், கடைசி நாள். இங்கிலாந்தில் அவருடைய கடைசி வர்ணனை. இத்தனை ஆண்டுகளுக்கும் நன்றி என்று நேயர்களிடம் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, 158 ரன்னில் இருந்த கெவின் பீட்டர்சனை மெக்ராத் போல்டு செய்கிறார். தன் நன்றியுரையை நடுவில் நிறுத்தி, விக்கெட் விழுந்ததைச் சொல்லி, எதுவும் நடக்காதது போல நன்றியைத் தொடர்ந்தார் பெனோ. தன்னைப் பற்றிப் பேச வாழ்நாளில் ஒருமுறை கிடைத்த நேரத்திலும் பந்துதான் முதலில் வந்தது.

உள்ளே வரும் வாசல்கள்

பெரிய வாசல் முன்னாள் வீரர்களுக்கானது என்பதில் சந்தேகமில்லை. கவாஸ்கர், சாஸ்திரி, நாசர் ஹுசைன், மைக்கேல் ஆதர்ட்டன் என்று பட்டியல் நீளும். இங்கிலாந்துக்குப் பந்துவீசிய ஈஷா குஹா இன்று ஆண்கள் டெஸ்ட் ஒளிபரப்பையே முன்னின்று நடத்துகிறார்.

சின்ன வாசல் ஒலிபரப்பாளர்களுடையது. ஹர்ஷா போக்ளே ஹைதராபாத்தில் கெமிக்கல் இன்ஜினீயரிங் படித்து, அகமதாபாத் ஐஐஎம்மில் படித்தவர். கல்லூரி வயதிலேயே அகில இந்திய வானொலியில் பேச ஆரம்பித்துவிட்டார். 1991-92-ல் இந்திய அணி ஆஸ்திரேலியா போனபோது அங்குள்ள ஏபிசி வானொலி அவரை அழைத்தது. ஆனால் இந்தியாவில் இது முழுநேரத் தொழிலாக மாறியதற்குப் பின்னால் ஒரு நீதிமன்றத் தீர்ப்பும் இருக்கிறது. அதுவரை கிரிக்கெட் என்றால் பெரும்பாலும் தூர்தர்ஷன்தான். வங்காள கிரிக்கெட் சங்க வழக்கில் 1995 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், வான்வழி அலைவரிசை பொதுச் சொத்து, அரசின் ஏகபோகம் அல்ல என்றது. தனியார் சேனல்கள் வந்தன, உரிமைக்கு ஏலம் வந்தது, பேசுவதற்கு ஆள் தேவைப்பட்டது.

மூன்றாவது வாசல் புதியது: மொழி. ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் 2017-ல் வந்தது. ஸ்ரீகாந்த், பத்ரிநாத், லட்சுமிபதி பாலாஜி போன்றவர்கள் தமிழில் பேச ஆரம்பித்தார்கள். 2023 ஐபிஎல்லை ஜியோசினிமா 12 மொழிகளில் காட்டியது. அதில் போஜ்புரியும் உண்டு. ஒவ்வொரு மொழிக்கும் ஒரு குழு வேண்டும் என்றால் எத்தனை புதிய இடங்கள் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

தமிழ் வர்ணனையை "அரட்டை" என்று குறை சொல்பவர்கள் ஒரு விஷயத்தைக் கவனிப்பதில்லை. மைதானத்தில் எடுக்கப்படும் பொதுப் படத்துக்கு வேர்ல்ட் ஃபீட் என்று பெயர். எல்லா நாட்டுக்கும் எல்லா மொழிக்கும் போவது அதே படம்தான், குரல் மட்டும் மாறும். பிராந்திய மொழிக் குழு பெரும்பாலும் மைதானத்திலேயே இருக்காது. மும்பை போன்ற ஊரில் ஒரு ஸ்டூடியோவில் உட்கார்ந்து திரையைப் பார்த்துப் பேசும். அவர்களால் மைதானத்து டைரக்டரிடம் "அந்த ஃபீல்டரைக் காட்டு" என்று கேட்க முடியாது. அவர்கள் பார்ப்பதும் நீங்கள் பார்ப்பதும் ஒன்றேதான், ஜன்னல் கிடையாது. கூடுதலாகச் சொல்ல அவர்களிடம் மிஞ்சுவது நினைவுகளும் நக்கலும்தான். ஸ்ரீகாந்த் அதை ஒரு பாணியாகவே ஆக்கிவிட்டார். எல்லோருக்கும் அது வருவதில்லை, வராதவர்கள் முயலும்போதுதான் காது வலிக்கிறது.

"நம்ம ஆளு ஏன் எதிரணியைப் புகழ்றார்?"

இது வேர்ல்ட் ஃபீட் புரியாததால் வரும் கேள்வி. 2016 டி20 உலகக் கோப்பையில் இந்தியா - வங்கதேசம் ஆட்டத்தை இந்தியா கடைசிப் பந்தில் ஒரு ரன் வித்தியாசத்தில் ஜெயித்தது. அதையொட்டி, இந்திய வர்ணனையாளர் ஒருவர் நம் வீரர்களைப் பற்றி இன்னும் அதிகம் பேசலாம் என்ற பொருளில் அமிதாப் பச்சன் ட்விட்டரில் எழுதினார். தோனி அதை ஆமோதித்தார். ஹர்ஷா போக்ளே பின்னர் விளக்கம் எழுதினார்: ஆங்கில வர்ணனை பல நாடுகளுக்குப் போகிறது, அங்கே ஒரு அணிக்காகப் பேச முடியாது, இந்தி வர்ணனை இந்திய ரசிகருக்கானது, அங்கே பேசலாம்.

டாக்காவில் உட்கார்ந்திருப்பவர் காதிலும் அதே குரல்தான் கேட்கிறது. அதனால்தான் அந்தக் குரல் "நாம்" என்று சொல்லாது. பெனோவும் ஆஸ்திரேலியாவை ஒருபோதும் "நாங்கள்" என்று சொன்னதில்லை. தமிழில் "நம்ம பசங்க" என்பது தப்பே இல்லை, கேட்பவர் யார் என்று தெரிந்து பேசுவது அது.

சம்பளம் எங்கிருந்து வருகிறது

டிவி வர்ணனையாளர் பெரும்பாலும் யாருக்கும் நிரந்தர ஊழியர் இல்லை. தொடருக்கு ஒரு ஒப்பந்தம், அல்லது ஆண்டுக்கு ஒன்று. ஒப்பந்தம் போடுபவர் இரண்டில் ஒருவர்: உரிமை வாங்கிய சேனல், அல்லது படப்பிடிப்பை நடத்தும் வாரியம். இங்கிலாந்தில் ஸ்கை சேனல் தன் ஆட்களைத் தானே வைத்துக்கொள்கிறது. இந்தியாவில் கிரிக்கெட் வாரியமான பிசிசிஐ தானே படத்தைத் தயாரித்து ஒளிபரப்பாளருக்குக் கொடுக்கும் முறை இருப்பதால், அந்தப் பொது ஆங்கிலக் குரலைத் தேர்வு செய்வதிலும் அதன் கை இருக்கிறது. ஒரு காலத்தில் கவாஸ்கரும் சாஸ்திரியும் வாரியத்தோடு நேரடி ஒப்பந்தத்திலேயே இருந்தார்கள்.

2016 ஐபிஎல் தொடங்கும் முன் ஹர்ஷா போக்ளே குழுவிலிருந்து விலக்கப்பட்டார். காரணம் வெளிப்படையாகச் சொல்லப்படவில்லை. பிறகு திரும்பி வந்தார். 2020-ல் சஞ்சய் மஞ்ச்ரேக்கருக்கும் அது நடந்தது. வாரியம் தினமும் காதில் வந்து மிரட்டுகிறது என்று நான் சொல்லமாட்டேன். அதற்கு அவசியமும் இல்லை. அடுத்த ஒப்பந்தம் யார் கையில் என்று தெரிந்தாலே நாக்கு தானாக அளந்து பேசும். ஒளிபரப்பு உரிமையின் மதிப்பையும் சேர்த்துப் பாருங்கள்: 2023 முதல் 2027 வரையிலான ஐபிஎல் உரிமை 48,390 கோடி ரூபாய்க்குப் போனது. அவ்வளவு பணம் கொடுத்தவர், தான் விற்கும் பொருளை வர்ணனையாளர் மட்டம் தட்டுவதை ரசிப்பாரா? ஒவ்வொரு சிக்ஸரும் "பிரமாண்டமான" சிக்ஸராகவே இருப்பதற்குக் காரணம் தேட ரொம்ப தூரம் போக வேண்டாம்.

ஆனாலும் வெளிப்படையாகப் பேச வாய்ப்பே இல்லை என்றில்லை. 1981 பிப்ரவரி 1, மெல்போர்ன். கடைசிப் பந்தில் நியூசிலாந்துக்கு டை ஆக ஒரு சிக்ஸர் வேண்டும். ஆஸ்திரேலியக் கேப்டன் கிரெக் சாப்பல் தன் தம்பி ட்ரெவரைப் பந்தைத் தரையில் உருட்டச் சொன்னார். அன்றைய சேனல் நைன் நிகழ்ச்சியை முடித்து வைத்த பெனோ, தன் நாட்டுக் கேப்டன் செய்ததை அவமானகரமானது என்றார், கிரிக்கெட் மைதானத்தில் தான் பார்த்த மிக மோசமான செயல்களில் ஒன்று என்றார். சேனலும் ஆஸ்திரேலியச் சேனல், உரிமையும் அவர்களுடையது. யாரும் அவரை வெளியேற்றவில்லை. அந்த மதிப்பைச் சேர்க்க அவருக்கு அதற்கு முன் இருபது ஆண்டு ஆகியிருந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

இந்தப் பகுதியின் சாரம்: வர்ணனையாளர் எவ்வளவு வெளிப்படையாகப் பேசுகிறார் என்பது குணத்தை மட்டும் பொறுத்ததல்ல. யார் ஒப்பந்தம் போடுகிறார் என்று பார்த்தால் பாதி விடை கிடைத்துவிடும்.

மழை பெய்யும்போது

ஆட்டம் நின்றால் ரேடியோவில் கதை சொல்லலாம். டிவியில் மழைத்தாரையும் தார்ப்பாயும் மட்டும் திரையில். அப்போதுதான் யாரிடம் சரக்கு இருக்கிறது என்பது தெரியும். 2020 ஜூலை 8, சவுதாம்ப்டன். கொரோனாவால் நின்றுபோன சர்வதேச கிரிக்கெட் மறுபடி தொடங்கிய நாள், மழையால் ஆட்டம் தாமதம். ஸ்கையில் மைக்கேல் ஹோல்டிங் இனவெறி பற்றிப் பேசினார். கறுப்பின மக்களின் வரலாறு பள்ளிப் பாடத்தில் எப்படி மறைக்கப்பட்டது என்று நிதானமாக, காகிதம் பார்க்காமல் பேசிக்கொண்டே போனார். தயாரிப்பாளர் விளம்பரத்துக்கு வெட்டவில்லை. அன்று ஆடிய கிரிக்கெட் பலருக்கு மறந்திருக்கும், அந்தப் பேச்சு மறக்கவில்லை.

நேரலைக்கு இன்னொரு முகமும் உண்டு: சொன்னதை அழிக்க முடியாது. நம்ம தினேஷ் கார்த்திக் 2021 ஜூனில் உலக டெஸ்ட் சாம்பியன்ஷிப் இறுதிக்கு ஸ்கை குழுவில் சேர்ந்தார். பளபளக்கும் சட்டையும் கூர்மையான கிரிக்கெட் அறிவுமாக ஒரே வாரத்தில் இங்கிலாந்து ரசிகர்களைக் கவர்ந்தார். அடுத்த மாதமே மட்டையைப் பக்கத்து வீட்டுக்காரர் மனைவியோடு ஒப்பிட்டு ஒரு ஜோக் அடித்தார். கண்டனம் கிளம்பியது, அடுத்த ஆட்டத்தில் நேரலையிலேயே மன்னிப்புக் கேட்டார்.

அதைவிட முக்கியம், அப்போது அவர் ரிட்டயர் ஆகவில்லை. வர்ணனைக்குப் போனவர் முடிந்தவர் என்று பலரும் எழுதியிருந்தார்கள். 2022 ஐபிஎல்லில் பெங்களூரு அணிக்காகக் கடைசி ஓவர்களில் வெளுத்து வாங்கினார், அந்த ஜூனில் இந்திய டி20 அணிக்குத் திரும்பினார், ஆண்டு முடிவில் ஆஸ்திரேலியாவில் உலகக் கோப்பை ஆடினார். மைக்கைக் கீழே வைத்துவிட்டு மட்டையை எடுத்து, மறுபடி மைக்குக்கு வருகிற வரிசையும் இப்போது இந்தத் தொழிலில் உண்டு.